எறிபவனைச் சூழும் கூட்டம்

1905ஆம் ஆண்டுப் பருவத்தில் அமெரிக்கக் கால்பந்து ஆட்டத்தில் குறைந்தது 18 பேர் மாண்டதாக அந்நாளைய செய்தித்தாள்கள் கணக்குச் சொல்லின. மாண்டவர்கள் பெரும்பாலும் மாணவப் பருவத்து இளைஞர்கள். (பெயர்தான் கால்பந்து, காலுக்கு அதில் வேலை குறைவு.) பந்தை முன்னோக்கி எறிவதற்கு அன்று அனுமதி இல்லை. மூன்று முயற்சிகளில் ஐந்து கெஜம் முன்னேறினால் போதும். ஆகவே பந்தை ஏந்தியவனைச் சுற்றித் தோழர்கள் திரண்டு, எதிர்வரிசையின் ஓரிடத்தில் மொத்தமாகச் சென்று மோதுவதே தந்திரம். தலைக்கவசம் கட்டாயமில்லை. குவியலின் அடியில் சிக்கியவன் எழுந்தால் உண்டு.

அவ்வாண்டு அக்டோபரில் அதிபர் தியோடர் ரூஸ்வெல்ட் ஹார்வர்ட், யேல், பிரின்ஸ்டன் பல்கலைக்கழகங்களின் பிரதிநிதிகளை வெள்ளை மாளிகைக்கு வரவழைத்தார். பருவம் முடிந்ததும் கொலம்பியா ஆட்டத்தையே கைவிட்டது. ஸ்டான்ஃபோர்டு ரக்பிக்கு மாறிற்று. 1906இல் விதிகள் திருத்தப்பட்டன. ஐந்து கெஜம் பத்தாயிற்று. பந்தை முன்னோக்கி எறியலாம் என்றும் ஆயிற்று. கூட்டத்தைக் கலைப்பதே இதன் நோக்கம் என்பதை நாம் மறக்கலாகாது. அழகுக்காக வந்த விதி அன்று இது, உயிருக்காக வந்தது.

ஆனால் அனுமதித்தவர்களுக்கே அதன்மேல் ஐயம் இருந்திருக்க வேண்டும். எறிந்த பந்து எவர் கையிலும் படாமல் தரையில் விழுந்தால் அது எதிரணிக்குச் சொந்தம். 1906 செப்டம்பர் 5 அன்று விஸ்கான்சினில் கேரல் கல்லூரிக்கு எதிராக செயின்ட் லூயிஸ் பல்கலைக்கழகத்தின் பிராட்பரி ராபின்சன் எறிந்ததே சட்டப்படியான முதல் எறிதலாகக் கருதப்படுகிறது. அது தரையில் விழுந்தது; பந்து பறிபோயிற்று. அதே ஆட்டத்தில் பின்னர் அவர் எறிந்த பந்தை ஜாக் ஷ்னைடர் பிடித்து டச்டவுன் அடைந்தார்.

மிச்சக் கட்டுகள் மெல்ல மெல்லத் தளர்ந்தன. 1912இல் பந்து மெலிந்தது. 1913இல் நோட்ர டேம் அணி, எறிதலையே நம்பி, ராணுவக் கல்லூரியை 35-13 என்று வென்றது. தொழில்முறை ஆட்டத்தில் 1933 முதல் கோட்டுக்குப் பின்னால் எங்கிருந்தும் எறியலாம் என்றாயிற்று. 1940 இறுதியாட்டத்தில் சிகாகோ பேர்ஸ் வாஷிங்டனை 73-0 என்று நொறுக்கியபின், அவர்கள் கையாண்ட டி வியூகம் எங்கும் பரவிற்று. அதுவரை வேறு ஆட்டக்காரர்களும் பகிர்ந்துகொண்ட எறியும் பொறுப்பு, குவார்ட்டர்பேக் என்ற ஒருவன் கையில் வந்து சேர்ந்தது.

இங்கேதான் ஒரு விசித்திரம் நமக்குப் புலப்படுகிறது. பலர்மேல் விழுந்துகொண்டிருந்த அடியைச் சிதறடிக்க வந்த விதி, அந்த அடியின் பெரும்பங்கை ஒருவன்மேல் குவித்தது. அவன் கண்கள் தொலைவில் ஓடும் தோழனைத் தேட வேண்டும். தன்மேல் பாய்ந்து வருபவனைப் பார்த்தால் எறிதல் கெடும். அவனுக்குக் கிடைப்பது மூன்று நொடிகள், சில வேளை அதுவும் இல்லை.

பந்தோடு அவனை வீழ்த்துவதற்கு ‘சாக்’ என்று பெயர் சூட்டியவர் லாஸ் ஏஞ்சலஸ் ராம்ஸ் அணியின் டீக்கன் ஜோன்ஸ் என்பார்கள். ஒரு நகரைச் சூறையாடுவது போன்றது என்பது அவர் தந்த விளக்கம். எதிரே நிற்கும் காவலனின் தலையில் அறைந்து நிலைகுலையச் செய்வது அவருடைய முறை. 1977இல் அது தடை செய்யப்பட்டது. மறு ஆண்டு, காவலர்கள் கைகளை நீட்டி விரித்த உள்ளங்கையால் எதிரியைத் தடுக்கலாம் என்ற அனுமதியும் வந்தது. சாக்குகளைத் தனியாட்டக்காரர் பெயரில் அதிகாரபூர்வமாக எண்ணத் தொடங்கியது 1982இல்தான்; ஜோன்ஸ் அதற்குள் ஓய்வு பெற்றிருந்தார்.

1985 நவம்பர் 18 இரவு, தொலைக்காட்சியில் நாடே பார்த்திருக்க, வாஷிங்டனின் ஜோ தைஸ்மன் லாரன்ஸ் டெய்லரின் அடியில் வீழ்ந்து வலது கால் முறிந்தார். உதவிக்கு ஆள் வரும்படி பதறிக் கையசைத்தவர் வீழ்த்திய டெய்லரே. தைஸ்மன் பிறகு ஆடவில்லை.

நெருக்கடியில் பந்தை ஆளில்லாத இடத்தில் வீசி எறிந்து தப்புவது குற்றம். 1993 முதல், காவலர் வளையத்தை விட்டு வெளியே ஓடிவந்தபின் கோட்டைத் தாண்டுமாறு எறிந்தால் அது மன்னிக்கப்படுகிறது. கோழைத்தனத்துக்கும் மதிநுட்பத்துக்கும் இடையே சட்டம் கிழித்த இந்த எல்லையை நாம் மிகவும் ரசிக்கிறோம்.

2017இல் ஆரன் ராஜர்ஸின் கழுத்தெலும்பு ஒரு வீழ்த்தலில் முறிந்தது. அடுத்த ஆண்டு, வீழ்த்துபவன் தன் முழு எடையையும் குவார்ட்டர்பேக் மேல் இறக்கக் கூடாது என்ற விதி கடுமையாக அமலாயிற்று. அந்தச் செப்டம்பரில் மயாமி டால்ஃபின்ஸின் வில்லியம் ஹேய்ஸ், டெரெக் காரை வீழ்த்துகையில் அவர்மேல் விழாதிருக்க உடலைத் திருப்பினார் என்று அவருடைய பயிற்சியாளர் சொன்னார். கார் எழுந்து நின்றார். ஹேய்ஸின் முழங்கால் தசைநார் அறுந்திருந்தது.