பலாமரத்தில் ஒரு அறிவித்தல்

கலேவெலயில், குருநாகல்–தம்புள்ளை வீதியோரம், சட்டத்தரணி ஒருவரிடம் இருபது வருசம் கிளாக்கராக இருந்தேன். காணி உறுதியை மேசையில் வைத்தவரிடம் முதலில் கேட்பது: "காணி என்ன விலை போகும்?" எந்த நீதிமன்ற, சபை வாசலுக்குப் போவதென்று அந்தத் தொகைதான் காட்டும்.

சின்னப் பிணக்குகளை ஊரிலேயே தீர்க்க, ஆங்கிலேயர் 1871இல் கம்சபாவை என்ற ஊர்ச்சபைக்கு மறுபடி உயிர் கொடுத்தார்கள். 1958இல் இணக்கசபை வந்தது. 1978இல் ஆரம்ப நீதிமன்றத்துக்கு 1,500 ரூபாய் எல்லை. அதற்கு மேல் மாவட்ட நீதிமன்றம். 1988இன் சட்டம் 25,000 ரூபாய்க்கு உட்பட்டதை முதலில் மத்தியஸ்த சபைக்கு அனுப்பியது. ஆளுக்கொரு மத்தியஸ்தர், அந்த இருவரும் சேர்ந்து மூன்றாமவர். சட்டத்தரணிக்கு அங்கே இடமில்லை. என் முதலாளிக்கு அதில் தீராத மனக்குறை.

விலை பாராத வாசலும் ஒன்றுண்டு: 1979இன் 44ஆம் இலக்கச் சட்டம், 66ஆம் பிரிவு. அடிதடி வருமென்றால் காணி யார் ஆட்சியில் இருக்கிறதென்று நீதவான் உடனே பார்ப்பார். இரண்டு மாதத்துக்குள் துரத்தப்பட்டவரைத் திரும்ப இருத்தலாம். பெயர் தெரியாத பங்காளிக்கும் சேதி எட்ட, காணியிலேயே அறிவித்தல் ஒட்டுவார்கள்.

ஒருமுறை பலாமரத்தில் அடித்த தாளை மழை கரைத்துவிட்டது. பங்காளிகள் முறைமாறிச் செய்யும் தட்டுமாறு வயலில் அந்தப் போகம் முறை இல்லாத பெரியம்மா, பழைய வரித்துண்டுகளைப் பையில் கட்டிக்கொண்டு பிந்தித்தான் வந்தார். "தம்பி, என்ட பேரு எங்க?"