பயிருக்கும் உண்டு அண்டை அயல்

அண்டை வீட்டாரின் உரிமையை நம் மார்க்கம் எத்துணை வற்புறுத்துகிறது என்பதை நாம் அறிவோம். பயிருக்கும் அண்டை அயல் உண்டு. திருமறையின் ‘கஹ்ஃபு’ அத்தியாயம் இரு மனிதரின் உவமையைக் கூறுமிடத்தில், திராட்சைத் தோட்டங்களையும், அவற்றைச் சூழ்ந்த பேரீச்சையையும், இடையே விளையும் பயிரையும் ஒருசேரக் காட்டுகிறது. உயர்ந்த மரம் நிழல் தர, அதன் கீழே காய்கறிகள் வளர்வதைப் பாலைவனச் சோலைகளில் இன்றும் காணலாம்.

இவ்வறிவை நூலாக வளர்த்தோருள் ஸ்பெயின் நாட்டு முஸ்லிம்கள் முதன்மையானவர்கள். கி.பி. 12ஆம் நூற்றாண்டில் இஷ்பீலியா நகரில் வாழ்ந்த இப்னுல் அவ்வாம், ‘கிதாபுல் ஃபிலாஹா’ என்னும் வேளாண் நூலை இயற்றினார். 585 தாவரங்களைப் பற்றிக் கூறும் அந்நூல், எவை தம்முள் இணங்கும், எவை பிணங்கும் என்பதையும் பேசுகிறது. 1802ஆம் ஆண்டில் பாங்கேரி என்னும் பாதிரியார், அரபு மூலத்தை ஸ்பானிய மொழிபெயர்ப்புடன் மத்ரீத் நகரில் அச்சேற்றினார்.

ஆசிரியர் கையாண்ட முறையே நம்மைப் பெரிதும் கவர்கிறது. முன்னோர் கூற்றுகளை அவரவர் பெயருடன் எடுத்தெழுதுகிறார். தம் கருத்தென்று கூறுவதையோ, பன்முறை செய்து பார்த்த பின்னரே எழுதியதாக உறுதி கூறுகிறார். நபத்தியரின் வேளாண் நூலில் மலிந்திருந்த சூனியச் செய்திகளை விலக்கி, பயிர்த்தொழிலை மட்டுமே அவர் சுருக்கித் தந்தார் என இப்னு கல்தூன் குறிப்பிடுகிறார்.

இவ்வாறு சலித்தெடுத்தல் ஏன் வேண்டும்? முட்டைக்கோசின் வாடையைத் திராட்சைக் கொடி வெறுத்து விலகும் என்று கிரேக்க அறிஞர் தியோஃபிராஸ்டஸ் எழுதினார். அது ஏட்டிலிருந்து ஏட்டுக்கு ஏறியது. அவரையினம் நிலத்தை வளமாக்கும் என்பதும் அவ்வாறே வழிவழி வந்த சொல்தான். ஆனால் அதன் காரணத்தை 1886இல் ஜெர்மானியர் ஹெல்ரீகல் சோதித்து விளக்கினார்: வேர் முடிச்சுகளில் வாழும் நுண்ணுயிர்கள் காற்றிலுள்ள நைட்ரஜனை உரமாக்குகின்றன. பழஞ்சொல் என்பதால் ஒன்று மெய்யாகிவிடாது. பழஞ்சொல் என்பதாலேயே பொய்யாகியும் விடாது.

மதீனத்துப் பேரீச்சை உழவர்களிடம், உலகத் தொழிலை அவர்களே நன்கறிவர் என்று பெருமானார் (ஸல்) அவர்கள் உரைத்ததை நாம் பாடமாக ஓதியிருக்கிறோம். ஓதியதைச் செயலிலும் காட்டுவோமாக. நம் கொல்லையில் ஒரு பாத்தியில் கத்தரியுடன் தட்டைப்பயற்றைச் சேர்த்து நடுவோம். மறு பாத்தியில் கத்தரியை மட்டும் நடுவோம். விளைவைக் குறித்து வைப்போம். இப்னுல் அவ்வாமுக்கு நாம் செலுத்தத்தக்க நன்றி அதுவே.