மனசுக்கு ஆறு நிறம்

காஞ்சிபுரத்துக்குப் போகிறவர்கள் பட்டுக்கடைகளையும் பெரிய கோயில்களையும் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுவார்கள். வேகவதிக் கரையிலிருக்கும் திருப்பருத்திக்குன்றத்துக்குப் போகிறவர்கள் குறைவு. பட்டு ஊரின் ஓரத்தில், பெயரிலேயே பருத்தி. ஜினகாஞ்சி என்றும் சொல்வார்கள். 6ஆம் நூற்றாண்டில் பல்லவன் சிம்மவர்மன் இங்கிருந்த வஜ்ரநந்தி என்ற சமண முனிவருக்குத் தானம் கொடுத்ததைப் பள்ளன்கோயில் செப்பேடு சொல்கிறது. திரைலோக்கியநாதர் கோயிலின் சங்கீத மண்டபம் விஜயநகர அமைச்சர் இருகப்பர் கட்டியது. அதன் விதானத்தில் தீர்த்தங்கரர்களின் கதைகள் ஓவியமாக இருக்கின்றன. டி.என். ராமச்சந்திரன் 1934லேயே இந்தக் கோயில்களைப் பற்றித் தனி நூல் எழுதியிருக்கிறார்.

ஆனால் நான் சொல்ல வந்தது கண்ணுக்குத் தெரியாத நிறங்களைப் பற்றி. சமணத்தில் அதற்குப் பெயர் லேசியை.

கோபம், செருக்கு, வஞ்சகம், பேராசை. இந்த நான்குக்கும் சமணர் வைத்த பெயர் கஷாயம். கஷாயம் என்றால் துவர்ப்பு. ஆலம்பட்டை போன்றவற்றின் துவர்ச்சாறு ஒட்டவைப்பது போல, இந்த உணர்ச்சிகள் வினையை உயிரில் ஒட்டவைக்கின்றன என்று உரைகாரர்கள் விளக்குகிறார்கள். கடுக்காயில் நனைத்த துணியில்தான் சாயம் நிற்கும் என்று தெரிந்த ஊர்க்காரனுக்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டாம்.

அப்படிப் பூசப்பட்ட உயிருக்கு ஆறு நிறங்கள்: கறுப்பு, நீலம், புறாச் சாம்பல், சிவப்பு அல்லது மஞ்சள், தாமரை நிறம், வெள்ளை. முதல் மூன்றும் கெட்டவை, பின் மூன்றும் நல்லவை. உத்தராத்யயன சூத்திரத்தின் 34ஆம் அத்தியாயம் ஒவ்வொன்றுக்கும் சுவை, மணம், தொடு உணர்வுகூடக் கொடுக்கிறது. கறுப்பு மனசு வேம்பைவிடக் கசக்குமாம். கேட்டால் ஏதோ மாயாஜால நாவலுக்காக யாரோ உட்கார்ந்து உருவாக்கிய உலகம் மாதிரி இருக்கிறது, இல்லையா? ஆனால் அவர்களுக்கு இது அறிவியல். வினை என்பது அவர்கள் கணக்கில் உவமை அல்ல, நுண்ணிய பொருள். பொருளென்றால் நிறம் இருந்துதானே ஆகவேண்டும்?

10ஆம் நூற்றாண்டில் நேமிசந்திரர் எழுதிய கோம்மடசாரத்தில் இதற்கு ஒரு கதை வரும். பசித்த ஆறு பேர் பழம் நிறைந்த மரத்தைப் பார்க்கிறார்கள். ஒருவன் வேரோடு சாய்க்க நினைக்கிறான். அடுத்தவன் அடிமரத்தை வெட்டலாம் என்கிறான். பெரிய கிளை, சின்னக் கிளை, பழம் மட்டும் என்று ஆசை சுருங்கிக்கொண்டே போய், ஆறாமவன் கீழே உதிர்ந்து கிடப்பதைப் பொறுக்கினால் போதும் என்கிறான். அவன்தான் வெள்ளை. பசி ஆறு பேருக்கும் ஒன்றுதான். அதுதான் இந்தக் கதையில் எனக்குப் பிடித்தது.

இதே காலத்து ஆசீவகர்களிடமும் ஆறு நிறங்கள் உண்டு. மணிமேகலை காஞ்சிக்கு வருவதற்குச் சற்று முன், வஞ்சியில் பல சமயவாதிகளிடம் கேள்வி கேட்கிறாள் அல்லவா, அங்கே ஆசீவகன் சொல்வது இதைத்தான்: கறுப்பு, கருநீலம், பச்சை, சிவப்பு, பொன், வெள்ளை. ஆனால் இவை பிறப்பின் நிறங்கள். பாலி அங்குத்தர நிகாயம் தரும் பட்டியலைப் பார்த்தால் விஷயம் விளங்கும். கறுப்பில் இருப்பவர்கள் கசாப்புக்காரர், வேடர், மீனவர், திருடர். பௌத்த பிக்குகளுக்கு நீலம், சமணருக்குச் சிவப்பு. வெள்ளை யாருக்கு? ஆசீவகர்களுக்கே! தரவரிசை போடுகிறவன் தன்னைக் கடைசியில் வைத்ததாக வரலாறு இல்லை.

ஆனந்தர் இதைப் போய்ச் சொன்னபோது புத்தர் கேட்டதாக வருவது நேரடியான கேள்வி: இப்படிப் பிரிக்க உலகம் இவர்களுக்கு அனுமதி கொடுத்ததா? வேண்டாம் என்கிற ஏழையின் வாயில் கறித்துண்டைத் திணித்துவிட்டு, அதற்குக் காசும் கேட்பது போல இருக்கிறது என்கிறார். கறுப்பில் பிறந்தவன் வெள்ளைச் செயல் செய்யலாம், வெள்ளையில் பிறந்தவன் கறுப்புச் செயல் செய்யலாம் என்று அந்தச் சொற்களையே திருப்பிப் போடுகிறார்.

சமணத்தின் கணக்கு இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது. உடம்பின் நிறம் வேறு, மனசின் நிறம் வேறு என்று பிரித்தார்கள், நல்லது. ஆனால் நரகத்தில் இருப்பவர்களின் உடம்பு கறுப்பு என்றும் எழுதிவைத்தார்கள். மனிதருக்கோ ஒரு லேசியை ஒரு முகூர்த்தத்துக்குள் மாறிவிடும் என்றார்கள். ஒரு முகூர்த்தம் 48 நிமிடம். முற்றும் தூய வெள்ளைக்கு மட்டும் விலக்கு. மீன் பிடிக்கிறவனை ஆயுள் முழுக்கக் கறுப்பில் பூட்டிவைத்த பட்டியலுக்குப் பக்கத்தில் இந்த 48 நிமிடத்தை வைத்துப் பாருங்கள்.

மூன்றாவது நிறத்துக்கு சூத்திரம் சொல்லும் உவமைகளில் ஒன்று புறாவின் கழுத்து. காஞ்சித் தறிக்காரர்களிடம் மயில் கழுத்து என்று ஒரு நிறம் உண்டு. பாவில் ஒரு நிறம், ஊடையில் வேறொன்று. நீலமா பச்சையா என்பது சேலையை எந்தப் பக்கம் திருப்பிப் பிடிக்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது. முகூர்த்தச் சேலை என்று கேட்டால் அதையும் அரக்கையும் எடுத்துப் போடுவார்கள். கறுப்பைக் கேட்டுப் பாருங்கள். “கல்யாணத்துக்கா?” என்பார்கள்.