அருளானந்தர் மடலில் தஞ்சை உழவர்

புனித அருளானந்தர் என்றதும் நம் நினைவுக்கு வருவது ஓரியூர்ச் செம்மண்ணும், 1693 பிப்ரவரி 4 அன்று அவர் அங்கே சிந்திய இரத்தமும்தான். தஞ்சை உழவர் பட்ட துயருக்கும் அவர் சாட்சி என்பது நம்மில் பலருக்குத் தெரியாது. அதை நூலேற்றி நமக்குக் காட்டியவர் ஒரு கிறிஸ்தவர் அல்லர், வரலாற்றாசிரியர் ஆர். சத்தியநாத ஐயர்.

மதுரை மறைத்தளத்தில் பணியாற்றிய இயேசு சபைக் குருக்கள் தம் தலைவர்களுக்கு மடல்கள் எழுதிவந்தனர். திருமுழுக்குகளோடு போரும் பஞ்சமும் அரசர் செயலும் அவற்றில் இடம்பெற்றன. பெர்த்ராண்ட் அடிகள் 1847 முதல் 1854 வரை இவற்றை நான்கு தொகுதிகளாகப் பிரெஞ்சு மொழியில் பாரீசில் வெளியிட்டார். சத்தியநாத ஐயர் 1924 இல் வெளிவந்த தம் மதுரை நாயக்கர் வரலாற்றில் இம்மடல்களை விரிவாகப் பயன்படுத்தினார். 1956 இல் வந்த அவருடைய பதினேழாம் நூற்றாண்டுத் தமிழக வரலாற்றுக்கும் இவை துணைநின்றன.

தஞ்சையைப் பொறுத்தவரை மடல்கள் எழுதப்பட்ட காலம் கொந்தளிப்பானது. 1673 இல் மதுரைப் படையோடு போரிட்டு விசயராகவ நாயக்கர் மாண்டார். ஓரிரு ஆண்டுகளில் சிவாஜியின் மாற்றாந்தாய்ச் சகோதரர் ஏகோஜி தஞ்சையைக் கைப்பற்றினார். வாய்க்கால்களையும் ஏரிகளையும் அவர் செப்பனிட்டார். பல ஆண்டுகளாகத் தரிசாய்க் கிடந்த வயல்கள் விளைந்தன. முன் காணாத அறுவடை கிடைத்தது என 1676 ஆம் ஆண்டு மடலில் பிரெய்ரே அடிகள் பாராட்டுகிறார். காவிரி நீர் கடைமடைக்கு வருமா என்று இன்றும் காத்திருக்கும் நமக்கு அந்த மகிழ்ச்சி புரியும்.

ஏழு ஆண்டுகள் கழித்து, 1683 இல், அருளானந்தர் எழுதுவது வேறு. விளைச்சலில் ஐந்தில் நான்கு பங்கு அரசனுக்கு. அதையும் நெல்லாக வாங்குவதில்லை, பணமாகவே கேட்கிறார்கள். விலையை வைப்பதும் அரசனே. உழவனுக்குச் சந்தையில் கிடைப்பதைவிட அது அதிகம். நாம் ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். 100 கலம் விளைந்தால் 80 கலம் வரி. அரசன் வைத்த விலை சந்தை விலையைவிடக் கால் பங்கு கூடினாலே, 100 கலத்தையும் விற்றுக் கட்ட வேண்டும். விதைநெல்லும் மிஞ்சாது. முழு அறுவடையை விற்றாலும் வரி அடைபடவில்லை என்றே புனிதர் எழுதுகிறார்.

குருக்கள் நடுநிலையாளர் என்று நாம் வாதாட வேண்டியதில்லை. தம் இறைமக்களைத் துன்புறுத்திய மன்னரைப் பற்றி எழுதும்போது பேனா சற்றுக் கடுமையாவது இயல்புதானே! அதனால்தான் ஐயர் மடல்களை மட்டும் நம்பாமல் கல்வெட்டுகளையும் உள்நாட்டு வரலாற்று ஏடுகளையும் அருகில் வைத்துப் படித்தார். ஆயினும் வரிச்சுமையைப் பற்றிய இந்தப் பகுதியை ஒதுக்கிவிட முடியாது. இதில் பேசப்படுவது கிறிஸ்தவ உழவர் மட்டுமல்லர்; தஞ்சைச் சீமையில் ஏர் பிடித்த எல்லாரும்.