பெயரும் வகையும்: தென்னிந்தியத் தாவரப் பெயர்கள் வழி வகைப்பாட்டியல் வரலாறு

முன்னுரை

உயிரினங்களை வகைப்படுத்துதல் அவற்றிற்குப் பெயரிடுதலோடு பிணைந்த செயலாகும். ஒன்றை மற்றொன்றிலிருந்து பிரித்தறியாமல் பெயரிட இயலாது. பெயரிட்டபின் அப்பெயரே அடுத்து வருவோர் அப்பொருளைக் காணும் முறையையும் வரையறுத்துவிடுகிறது. தமிழாய்வுகளில் இப்பொருள் பேசப்படும்போது இருவகை நிலைப்பாடுகள் காணப்படுகின்றன. தொல்காப்பிய மரபியலின் பகுப்பே இன்றைய அறிவியல் வகைப்பாட்டிற்கு முன்னோடி என்பது ஒன்று. மரபுவழிப் பெயர்கள் யாவும் அறிவியலுக்குத் தொடர்பற்ற வழக்குகள் என்பது மற்றொன்று. தென்னிந்தியத் தாவரப் பெயர்கள் சில ஐரோப்பிய வகைப்பாட்டு நூல்களுள் இடம்பெற்ற வரலாற்றை நோக்கின் இவ்விரு நிலைப்பாடுகளும் மறுபரிசீலனைக்கு உரியன என்பது புலப்படும். அவ்வரலாற்றை ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

மரபியல் காட்டும் பகுப்பு

தொல்காப்பியம் மரபியலில் உயிர்கள் ஓரறிவு முதல் ஆறறிவு ஈறாகப் பகுக்கப்படுகின்றன. புல்லும் மரமும் தொடுவுணர்வு மட்டும் உடைய ஓரறிவுயிர்கள். சிதலும் எறும்பும் மூவறிவுயிர்கள். நண்டும் தும்பியும் நாலறிவுயிர்கள். மக்கள் ஆறறிவுயிர். இப்பகுப்பின் அடிப்படை புலன்களின் எண்ணிக்கையாகும். உடலமைப்பில் மிக வேறுபட்ட நண்டும் தும்பியும் ஒரே வகையில் வைக்கப்படுவதற்குக் காரணம் இதுவே.

இவ்வியலிலேயே தாவரங்களுக்கு மற்றொரு பகுப்பும் உண்டு. புறத்தே வயிரம் உடையவை புல் எனவும் அகத்தே வயிரம் உடையவை மரம் எனவும் கூறப்படுகின்றன. இதன்படி பனையும் தெங்கும் புல்லினத்தைச் சார்ந்தவை. இப்பகுப்பிற்கு உடற்கூற்றியல் அடிப்படை உண்டு. பனைபோன்ற ஒருவித்திலைத் தாவரங்களின் தண்டில் நார்க்கற்றைகள் வெளிப்புறத்தே செறிந்து அமைவதால் புறம் வன்மை பெறுகிறது. தேக்குப்போன்ற இருவித்திலை மரங்களில் வயிரக்கட்டை அகத்தே உருவாகிறது.

இவ்வொற்றுமை கொண்டு ஒருவித்திலை, இருவித்திலைப் பாகுபாட்டைத் தொல்காப்பியர் கண்டறிந்தார் என முடிவு செய்தல் பொருந்தாது. ஆங்கிலேயத் தாவரவியலாளர் ஜான் ரே 1682இல் வெளியிட்ட நூலில் வித்திலைகளின் எண்ணிக்கையைப் பாகுபாட்டிற்குப் பயன்படுத்தினார். விதையைப் பிளந்து கண்ட அடிப்படை அது. மரபியலோ பகுப்பைக் கூறியபின், புல்லின் உறுப்புகளுக்கு ஓலை, மடல், பாளை முதலிய பெயர்களும் மரத்தின் உறுப்புகளுக்கு இலை, தளிர், சினை முதலிய பெயர்களும் உரியன என்று வரையறுக்கிறது. எச்சொல் எதற்கு உரியது என்னும் சொல்வழக்கு மரபைக் காத்தலே அதன் பயன். அவ்வகையில் அது செம்மையான பகுப்பாகும். அதற்கு இல்லாத நோக்கத்தை ஏற்றிக் கூறுதல் அந்நூலுக்குப் பெருமை சேர்ப்பதாகாது.

ஹார்த்தூஸ் மலபாரிக்கஸ்

தென்னிந்தியத் தாவர அறிவு ஐரோப்பிய வகைப்பாட்டோடு பெரிய அளவில் இணைந்த நூல் ஹார்த்தூஸ் மலபாரிக்கஸ் ஆகும். கொச்சியில் டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியின் ஆட்சித்தலைவராக இருந்த வான் ரீடே என்பவரின் முயற்சியால் உருவான இந்நூல், 1678 முதல் 1693 வரை ஆம்ஸ்டர்டாமில் பன்னிரண்டு தொகுதிகளாக வெளிவந்தது. ஏறத்தாழ 740 தாவரங்கள் இதில் விளக்கப்பட்டுள்ளன. ஈழவ மருத்துவரான இட்டி அச்சுதனும், ரங்க பட்டர், விநாயக பண்டிதர், அப்பு பட்டர் என்னும் கொங்கணி அந்தணர் மூவரும் பெயர்களையும் மருத்துவப் பயன்களையும் அளித்தனர். இவர்களின் சான்றுரைகள் 1675ஆம் ஆண்டுக்கு உரியவை. அவை முதல் தொகுதியில் அச்சிடப்பட்டுள்ளன. கே. எஸ். மணிலால் உருவாக்கிய ஆங்கிலப் பதிப்பைக் கேரளப் பல்கலைக்கழகம் 2003இலும் மலையாளப் பதிப்பை 2008இலும் வெளியிட்டன.

சுவீடன் நாட்டு அறிஞர் கரோலஸ் லின்னேயஸ் மலபார்க் கரையைக் கண்டவரல்லர். தென்னாசியத் தாவரங்களை அறிய அவர் இந்நூலின் படங்களையும், பால் ஹெர்மன் இலங்கையில் திரட்டிய உலர்தாவரத் தொகுப்பையும் பெரிதும் சார்ந்திருந்தார். 1753இல் அவர் வெளியிட்ட நூலே தாவரப் பெயரிடுதலின் தொடக்கமாக இன்றளவும் கொள்ளப்படுகிறது. பேரினப் பெயர், சிற்றினப் பெயர் என்னும் இருசொற் பெயரிடுமுறை அந்நூலில் முழுமையாகப் பின்பற்றப்பட்டது.

இருசொல்லால் பெயரிடும் வழக்கு மலையாளத்திலும் தமிழிலும் முன்பே இருந்தது. ஹார்த்தூஸ் நூலின் இரண்டாம் தொகுதியில் ஆனைச்சுண்ட, செறுசுண்ட என்னும் இருதாவரங்கள் அடுத்தடுத்து இடம்பெறுகின்றன. சுண்ட என்பது இனத்தையும் முன்னொட்டு வகையையும் குறிக்கின்றன. லின்னேய முறையிலும் இவ்விரண்டும் சொலானம் என்னும் ஒரே பேரினத்தின் கீழ் அமைந்தன.

பெயர் சென்றது, பெயரிட்டவர் மறைந்தார்

கிரேக்க, இலத்தீன் வேர்களிலிருந்து பிறவாத பேரினப் பெயர்களை விலக்க வேண்டும் என்று லின்னேயஸ் 1737இல் விதி வகுத்தார். சில விலக்குகள் இருப்பினும் இவ்விதியின் விளைவாக நாட்டுப் பெயர்கள் பெரும்பாலும் சிற்றினப் பெயர்களாக இரண்டாம் இடத்தையே பெற்றன. முருங்கை அவரால் கைலாண்டினா மொரிங்கா எனப்பட்டது. ஆடாதோடை ஜஸ்டிசியா அடத்தோடா ஆயிற்று. சண்பகம் மைக்கேலியா சம்பக்கா ஆயிற்று. பிரெஞ்சு அறிஞர் ஆடன்சன் 1763இல் மொரிங்கா என்பதைப் பேரினப் பெயராக உயர்த்தினார். அதனால் முருங்கை இன்று மொரிங்கா ஒலீஃபெரா என வழங்குகிறது.

மனிதர்களின் பெயர்களும் இவ்வாறே அமைந்தன. வான் ரீடேயின் நினைவாக ரீடியா என்னும் பேரினத்தை லின்னேயஸ் 1753இலேயே நிறுவினார். அச்சுதன் நினைவாக அச்சுதேமியா என்னும் பேரினப் பெயர் பத்தொன்பதாம் நூற்றாண்டில் புளூமே என்பவரால் இடப்பட்டது. அறிவை அளித்தவர் அறிவியற் பெயருள் இடம்பெற ஒரு நூற்றாண்டிற்கு மேல் ஆனது.

தமிழகத்தோடு நேரடித் தொடர்பு 1768இல் ஏற்பட்டது. லின்னேயசின் மாணவரான யோகான் கெர்ஹார்ட் கோனிக் அவ்வாண்டு தரங்கம்பாடிக்கு மருத்துவராக வந்தார். 1785இல் இறக்கும்வரை அவர் திரட்டி அனுப்பிய தாவரங்கள் ஐரோப்பாவில் ஆராயப்பட்டன. லின்னேய முறை இந்திய மண்ணில் வேரூன்ற அவர் பணி வழிவகுத்தது.

மூன்று சான்றுகள்

மரபுவழிப் பெயர்களுக்கும் அறிவியல் வகைப்பாட்டிற்கும் உள்ள உறவை மூன்று சான்றுகளால் விளக்கலாம்.

முதலாவது, தாமரையும் ஆம்பலும். இரண்டும் நீர்ப்பூக்கள். ஹார்த்தூஸ் நூலின் பதினோராம் தொகுதியில் தாமரை, வெண்தாமரை என்பன ஒருபுறமும், ஆம்பல், சிற்றாம்பல் என்பன மறுபுறமும் தனித்தனிப் பெயர்த்தொகுதிகளாக உள்ளன. மகரந்தத்தாள்களின் எண்ணிக்கையை முதன்மையாகக் கொண்ட லின்னேயஸ் தாமரையை நிம்பேயா நெலும்போ என்று ஆம்பலின் பேரினத்துள் சேர்த்தார். ஆடன்சன் நெலும்போவைத் தனிப் பேரினமாக்கினார். மரபணு ஆய்வுகளோ தாமரையை ஆம்பலின் துறையிலிருந்தே விலக்கி, புரோட்டியேலிஸ் என்னும் வேறொரு துறையில் வைத்துள்ளன. இங்குப் பெயர்வழக்கின் வேறுபாட்டை அறிவியல் பிற்காலத்தில் உறுதிசெய்கிறது.

இரண்டாவது, நெருஞ்சியும் யானை நெருஞ்சியும். முள்ளுடைய கனியை நோக்கித் தமிழ்வழக்கு இரண்டையும் ஓரினமாகப் பெயரிட்டது. நெருஞ்சி டிரைபுலஸ் என்னும் பேரினத்தையும், யானை நெருஞ்சி பெடாலியம் என்னும் பேரினத்தையும் சார்ந்தவை. இவற்றின் குடும்பங்களும் வேறு. இங்குப் பெயர்வழக்கு வெளித்தோற்ற ஒப்புமையைப் பின்பற்றியுள்ளது.

மூன்றாவது, நெல்லியும் கீழாநெல்லியும். ஒன்று மரம், மற்றொன்று சாண் உயரமுள்ள செடி. மரம், செடி என்னும் வேறுபாட்டைக் கடந்து இலையமைப்பையும் காயையும் நோக்கித் தமிழ் இவற்றை ஒரே பெயரால் இணைத்தது. லின்னேயசும் இவ்வினத்தின் மரங்களையும் செடிகளையும் பில்லாந்தஸ் என்னும் ஒரே பேரினத்துள் வைத்தார். 2022இல் மரபணுச் சான்றுகளைக் கொண்டு வெளிவந்த ஒரு வகைப்பாடு, இப்பேரினத்தைப் பலவாகப் பிரித்து நெல்லியையும் கீழாநெல்லியையும் வெவ்வேறு பேரினங்களில் வைக்க முன்மொழிந்தது. அறிவியல் வகைப்பாடும் முடிந்த முடிபன்று என்பதற்கு இது தக்க சான்றாகும்.

1859இல் டார்வின் நூல் வெளிவந்தபின், வகைப்பாடு பொது மூதாதை வழிவந்த உறவைக் காட்ட வேண்டும் என்னும் கொள்கை படிப்படியாக நிலைபெற்றது. பூக்கும் தாவரங்களுக்கு மரபணு அடிப்படையிலான வகைப்பாடு 1998இல் முதன்முதலாக வெளியிடப்பட்டு, 2003, 2009, 2016 ஆகிய ஆண்டுகளில் திருத்தப்பட்டது. ஆகவே இன்றைய வகைப்பாடு எழுப்பும் வினா உறவைப் பற்றியது. மருத்துவர் எழுப்பிய வினா பயனைப் பற்றியது. இலக்கணியார் எழுப்பிய வினா சொல்வழக்கைப் பற்றியது. மூன்று வினாக்களுக்குரிய விடைகள் சிலவிடத்து ஒன்றுபடும், சிலவிடத்து வேறுபடும்.

முடிவுரை

இவ்வரலாறு தமிழாய்வுக்கு நேரடியான பயன் உடையது. சங்க இலக்கியத் தாவரங்களை அடையாளம் காணும் நூல்களும் அகராதிகளும் தமிழ்ப் பெயருக்கு நேராக அறிவியற் பெயரைத் தருகின்றன. அவ்வறிவியற் பெயர் மாறக்கூடியது. வாகை 1753இல் மைமோசா எனவும் 1844இல் அல்பீசியா எனவும் பெயர்பெற்றமை இதனைக் காட்டும். எனவே அறிவியற் பெயரைத் தருவோர் அப்பெயரை இட்ட ஆசிரியரையும் பின்பற்றிய வகைப்பாட்டையும் குறித்தல் வேண்டும். அவ்வாறே ஒரு தமிழ்ப்பெயர் எவ்வட்டாரத்தில், யார் வழக்கில், எச்செடிக்கு வழங்குகிறது என்பதும் பதிவாதல் வேண்டும். அச்சுதன் கூறிய பெயர்கள் படத்தோடும் விளக்கத்தோடும் பதிவானமையால்தான் மூன்று நூற்றாண்டுகளுக்குப் பின்னும் அவற்றை ஒப்பிட்டு ஆராய முடிகிறது. அவ்வாறு பதிவுபெறாத பெயர்கள் அவற்றை வழங்குவோரோடு மறைந்துவிடும். முன்னோடி யார் என்னும் வாதத்தைவிட இப்பதிவுப் பணியே தமிழாய்வாளர் முன் உள்ள உடனடிக் கடமை எனலாம்.