எடுகோள் மாறினால் உலகம் மாறும்

மிகுபுனைவுக் கதைகளில் ஒரு வழக்கம் உண்டு. அந்த உலகில் மந்திரம் ஏன் பலிக்கிறது, காலம் ஏன் வளைகிறது என்பதற்கு அடிப்படையாகக் கதாசிரியரே ஒரு கணிதக் கோட்பாட்டை உருவாக்கி வைப்பார். கதைமாந்தர்கள் அதைக் கற்பார்கள். பிழையாகக் கணக்கிட்டால் துன்பப்படுவார்கள். கதைக்கு மேலே பூசிய அறிவியல் பூச்சு என்று பலரும் இதை ஒதுக்கிவிடுகிறார்கள். ஆனால் இந்த வழக்கம் பிறந்த காலத்தைக் கவனித்தால் அதன் வேர் ஆழமானது என்று தெரியும். கணிதம் தன் அடிப்படை விதிகளைத் தானே தேர்ந்துகொள்ளலாம் என்பதை 19ஆம் நூற்றாண்டில் கணித அறிஞர்கள் கண்டார்கள். வேறு கணிதத்தால் வேறு உலகம் கட்டும் துணிவு இலக்கியத்துக்கு அதன் பிறகே வந்தது.

அதற்கு முன்பும் உலகைக் கணிதத்தால் கட்டியவர்கள் இருந்தார்கள். நெருப்பின் துகள் நான்முகி, மண்ணின் துகள் கனசதுரம் என்று பிளேட்டோ ‘டிமேயஸ்’ நூலில் எழுதினார். 1596இல் கெப்ளர், அன்று அறியப்பட்டிருந்த ஆறு கோள்களின் இடைவெளிகளில் ஐந்து சீர்த் திண்மங்களைப் பொருத்திக் காட்டினார். 1781இல் யுரேனஸ் கண்டுபிடிக்கப்பட்டபோது ஆறு கோள்கள் என்ற அடித்தளமே தகர்ந்தது. இன்று நமக்கு அது அழகான கற்பனையாகத் தெரியலாம். கெப்ளருக்கோ அது கடவுளின் ஒரே வரைபடம். வேறொரு வடிவியல் இருக்கக்கூடும் என்ற எண்ணத்துக்கே அங்கே இடமில்லை. யூக்ளிடின் இணைகோட்டு எடுகோளை ஈராயிரம் ஆண்டுகளாகப் பலர் நிறுவ முயன்று தோற்றார்கள். அதை மறுத்துவிட்டும் ஒரு வடிவியலை அமைக்கலாம் என்று 1829இல் லோபசெவ்ஸ்கியும் 1832இல் ஹங்கேரியின் யானோஷ் போயாயும் அச்சில் காட்டினார்கள். அந்த வெளியில் முக்கோணத்தின் கோணங்களைக் கூட்டினால் 180 பாகைக்குக் குறைவாகவே வரும். 1823இல் தந்தைக்கு எழுதிய கடிதத்தில் போயாய், ஒன்றுமில்லாததிலிருந்து ஒரு புதிய உலகைப் படைத்துவிட்டதாகக் குறிப்பிட்டார். கதாசிரியர் எவரும் உரிமை கோருவதற்கு முன்பே கணித அறிஞர் ஒருவர் அந்த உரிமையைக் கோரிவிட்டார்.

இலக்கியம் அதைப் பின்தொடர்ந்ததற்குச் சான்றுகள் தெளிவாக இருக்கின்றன. 1884இல் எட்வின் அபாட்டின் ‘ஃபிளாட்லேண்ட்’, இரண்டே பரிமாணம் கொண்ட ஒரு சமூகத்தை முழுமையாக வரைந்தது. 1933இல் வெளியான லவ்கிராஃப்டின் ஒரு கதையில், யூக்ளிட் வழிப்படாத கணிதத்தைப் படிக்கும் மாணவன், பழைய சூனியக்காரி ஒருத்தியின் கோடுகளும் வளைவுகளும் அதே கணிதத்தைப் பேசுவதை உணர்கிறான். 1940 மே மாதத்தில் இரு கண்டங்களில் இரு கதைகள் வெளிவந்தன. அமெரிக்காவின் ‘அன்னோன்’ இதழில் டி கேம்ப்பும் பிராட்டும் தொடங்கிய ஹரால்ட் ஷே கதைகளில், குறியீட்டுத் தருக்கச் சமன்பாடுகளை மனத்தில் ஏற்றினால் புராண உலகங்களுக்குள் நுழையலாம். அங்கே மந்திரம் ஒப்புமை, தொடர்பு என்ற இரு விதிகளுக்குக் கட்டுப்பட்டது. ஒரு டிராகனை வரவழைக்க முயன்றவருக்கு ஒரு கூட்டமே வந்து சேர்கிறது. புவெனோஸ் ஐரிஸின் ‘சுர்’ இதழில் போர்ஹேஸ் எழுதிய ‘த்லோன்’ உலகத்திலோ, எண்ணுகிற செயலே எண்ணிக்கையை மாற்றிவிடும். ஓர் எடுகோளை மாற்று, பிறகு விளைவுகளைத் தொடர்ந்து போ என்ற முறை இவை எல்லாவற்றுக்கும் பொது. அது போயாயின் முறை.

எண்களுக்கும் மந்திரத்துக்கும் உள்ள உறவு பிதாகரஸ் மரபு அளவுக்குப் பழையதுதானே, 19ஆம் நூற்றாண்டுக்கு ஏன் பெருமை தர வேண்டும் என்று கேட்கலாம். உறவு பழையதுதான், மறுக்கவில்லை. ஆனால் பிதாகரஸ் வழிவந்தவர்களும் மாயச்சதுரம் வரைந்தவர்களும் இந்த உலகில் ஒளிந்திருக்கும் உண்மையைத் தேடினார்கள். விதியை மாற்றி வேறு உலகம் செய்வது அவர்கள் நோக்கமல்ல. கண்டெடுப்பதற்கும் படைப்பதற்கும் இடையிலான எல்லையைத் தாண்டச் செய்தது புதிய வடிவியலே.

இரண்டாவது மறுப்பு வலுவானது: பெரும்பாலான கதைகளில் சமன்பாடே கிடையாது, பெயர் மட்டும்தான். அசிமோவ் 1942இல் தொடங்கிய ‘ஃபவுண்டேஷன்’ வரிசையில் ‘சைக்கோஹிஸ்டரி’யின் சூத்திரத்தை நம்மால் கணக்கிட்டுப் பார்க்க முடியாது. ஆனால் அதன் நிபந்தனைகளை அவர் திறந்து வைத்தார்: மக்கள்தொகை மிகப் பெரியதாக இருக்க வேண்டும்; கணிப்பு மக்களுக்குத் தெரியக்கூடாது. அதனால்தான் 1945இல் ‘மியூல்’ என்ற தனி மனிதன் தன் மன ஆற்றலால் அந்தக் கணிப்பைக் குலைக்கும்போது வாசகர் அதிர்கிறார். எல்லை சொல்லப்படாத விதியை மீறுவதில் பொருளே இராது. முழுக் கணக்கையும் செய்தவர்களும் உண்டு. கிரெக் ஈகன் 2011இல் தொடங்கிய ‘ஆர்த்தகோனல்’ மூன்று நாவல்களில், நம் வெளி-காலச் சமன்பாட்டின் ஒரு கழித்தல் குறியைக் கூட்டலாக மாற்றினார். அதன் விளைவாக அங்கே ஒவ்வொரு நிற ஒளிக்கும் வேறு வேகம். அதிவேகமாகப் பயணிப்பவர்கள் பல தலைமுறை வாழ்ந்து முடிக்கும்போது தாய்க்கோளில் சில ஆண்டுகளே கழிந்திருக்கும். இதைப் பூச்சு என்று சொல்ல வழியில்லை. கதையின் எலும்பே அந்தக் குறிதான்.

கணக்கு புகுந்தால் வியப்பு செத்துவிடும் என்ற அச்சமும் உண்டு. ஆனால் எதுவும் நடக்கலாம் என்ற உலகில் எது நடந்தாலும் ஒன்றுதான். அங்கே நாயகனின் வெற்றியும் தோல்வியும் ஆசிரியரின் தயவு. விதி முன்பே அறிவிக்கப்பட்ட உலகில் அதே வெற்றி சம்பாதித்ததாகிறது, தோல்வி வலிக்கிறது. எடுகோளைத் தேர்ந்துகொள்ள முழு உரிமை, தேர்ந்த பிறகு அதன் விளைவிலிருந்து தப்ப உரிமையில்லை என்பதே போயாயும் லோபசெவ்ஸ்கியும் கணிதத்துக்கு வகுத்துத் தந்த நேர்மை. அந்த நேர்மையைக் கைக்கொள்ளும் மிகுபுனைவை நம் திறனாய்வும் கணிதத்தைப் போலவே கண்டிப்புடன் படிக்க வேண்டும்: ஆசிரியர் எந்த விதியை மாற்றினார், அதன் கடைசி விளைவு வரை உடன் சென்றாரா என்று கேட்க வேண்டும்.