பறக்காத பெரும்பறவைகளும் டைனோசர்களும்

பறக்காத பெரும்பறவைகள் என்பவை, வானில் எழும் ஆற்றலை இழந்து, கால்களின் வலிமையையே நம்பித் தரையில் நடந்தும் ஓடியும் வாழும் பேருடல் கொண்ட பறவைகள் ஆகும். ஆப்பிரிக்காவின் நெருப்புக்கோழி, ஆஸ்திரேலியாவின் ஈமு, நியூகினியிலும் ஆஸ்திரேலியாவின் வடகிழக்குக் காடுகளிலும் வாழும் காசோவரி, தென்னமெரிக்காவின் ரியா ஆகியவை இவ்வகையில் இன்றும் ஜீவித்திருப்பவை. நியூசிலாந்தின் மோவாவும் மடகாஸ்கரின் யானைப்பறவையும் மனிதன் அத்தீவுகளில் குடியேறிய பின்னர் அழிந்தொழிந்தவை. இவற்றின் நீண்ட கழுத்தையும், சிறுத்த தலையையும், செதில் போர்த்த கால்களையும், நிலத்தை அளந்து வைக்கும் நடையையும் காண்போர்க்கு டைனோசரின் நினைவு எழுவது இயல்பே. அந்த ஒப்புமையில் ஒரு பகுதி வம்ச பரம்பரையாக வந்த சொத்து. மற்றொரு பகுதி, பழைய வாழ்க்கை முறை மீண்டும் வாய்த்தமையால் புதிதாக ஈட்டப்பட்டது. இவ்விரண்டையும் பிரித்தறிந்தாலன்றி இப்பறவைகளின் உண்மை வரலாறு புலப்படாது. அதனை அறிய உதவும் சான்றுகளுள் சில, மகாராஷ்டிரத்திலும் நருமதைக் கரையிலும் அரியலூருக்கு அருகிலும், நம் நாட்டு மண்ணிலேயே கிடைத்துள்ளன.

இனங்களும் அளவும்

இன்றுள்ள பறவைகள் அனைத்திலும் பெரியது, தீக்கோழி என்றும் வழங்கும் நெருப்புக்கோழியே. ஆண் பறவை ஏறத்தாழ 2.7 மீட்டர் உயரமும், 100 முதல் 150 கிலோகிராம் வரை எடையும் உடையது. மணிக்கு 70 கிலோமீட்டர் வேகத்தில் ஓட வல்லது. காலுக்கு இரண்டே விரல்கள் கொண்ட பறவை உலகில் இது ஒன்றே. இதன் முட்டை சுமார் 1.4 கிலோகிராம் எடையுள்ளது. ஈமு 1.9 மீட்டர் வரை வளரும்; இதன் காலில் மூன்று விரல்கள் உண்டு; முட்டையிடுவதோடு பெண் பறவையின் பொறுப்பு முடிய, ஆண் பறவையே ஏறத்தாழ எட்டு வார காலம், பெரும்பாலும் உண்ணாமலும் பருகாமலும், அடைகாத்துக் குஞ்சுகளை வளர்க்கிறது. காசோவரியின் தலைமேல் கொம்புப் பொருளால் மூடிய முகடு ஒன்று உயர்ந்து நிற்கும். உள்விரலில் 12 சென்டிமீட்டர் வரை நீளும் குத்துவாள் போன்ற நகமே அதன் ஆயுதம். மோவாக்களுள் மிகப் பெரியதான டைனோர்னிஸின் பெண் பறவை, கழுத்தை நிமிர்த்தினால் 3.6 மீட்டர் உயரத்தை எட்டியது. 200 கிலோகிராமுக்கு மேல் எடையுள்ள அப்பறவைக்கு, இறக்கையின் எலும்புகூட எஞ்சவில்லை. யானைப்பறவையின் முட்டை எட்டு லிட்டர் நீருக்கு மேல் கொள்ளும்.

பரம்பரையாக வந்த ஒப்புமைகள்

பறவைகள் டைனோசர்களிடமிருந்து கிளைத்தவை என்பதைவிட, டைனோசர் வம்சத்தில் இன்றும் உயிர்வாழும் கிளையே பறவைகள் என்பதுதான் தொல்லுயிர் ஆராய்ச்சியாளரின் இன்றைய முடிபு. இரண்டு கால்களால் நடந்த தெரோபாட் என்னும் பிரிவே அவற்றின் பிறப்பிடம். ஆகவே அப்பிரிவின் அவயவ அமைப்புகள் பல பறவைகளிடம் அப்படியே தங்கியிருக்கின்றன.

அவற்றுள் முதலாவது கால். ஈமுவின் காலை அருகில் நின்று உற்று நோக்கினால், முன்புறத்தில் அகன்ற செதில்கள் வரிசையாக அடுக்கப்பட்டிருப்பதும், முன்னோக்கிய மூன்று விரல்களும் தடித்த மெத்தைகளோடு நிலத்தில் ஊன்றுவதும், ஒவ்வொரு விரலின் நுனியிலும் மழுங்கிய நகம் இருப்பதும் தெரியும். பாறைகளில் பதிந்து கிடைக்கும் தெரோபாட் காலடிகளும் இத்தகைய மூவிரல் வடிவினவே. முழங்கால் பின்புறமாக மடிகிறது என்று பார்ப்போர் எண்ணும் மூட்டு உண்மையில் கணுக்காலேயாம். மெய்யான முழங்கால் உடலோடு ஒட்டி, இறகுகளுக்குள் மறைந்திருக்கிறது. குதிகாலை நிலத்தில் ஊன்றாது விரல்களால் மட்டுமே நடக்கும் இவ்வழக்கமும் தெரோபாட்டுகளுக்கு உரியதே.

இரண்டாவது, காற்றறைகள். பறவையின் நுரையீரலோடு இணைந்த காற்றுப் பைகள் எலும்புகளுக்குள்ளும் நுழைந்து அவற்றை இலேசாக்குகின்றன. மடகாஸ்கரில் கிடைத்த மஜுங்காசாரஸ் என்னும் ஊனுண்ணியின் முதுகெலும்புகளை ஆராய்ந்தவர்கள், பறவைகளின் சுவாச அமைப்பின் அடிப்படை அதனிடம் ஏற்கனவே அமைந்திருந்ததை 2005இல் எடுத்துக் காட்டினார்கள். மூன்றாவது, காறையெலும்புகள் இரண்டும் இணைந்து உருவான கவை எலும்பு. நான்காவது, இறகு. 1996இல் சீனத்தில் அறிவிக்கப்பட்ட சைனோசாராப்டெரிக்ஸ் என்னும் சிறு டைனோசரின் உடலைச் சுற்றி இழை போன்ற இறகுகள் படிந்திருந்தமை, இறகு பறவைக்கு மட்டுமே உரியது என்ற நெடுங்கால நம்பிக்கையைத் தகர்த்தது.

ஐந்தாவது, இனவிருத்தி. மங்கோலியாவில் முட்டைகளோடு கிடைத்த ஓவிராப்டரை, பிற பிராணியின் முட்டையைத் திருட வந்ததாகக் கருதி 1924இல் விவரித்தனர். 1990களில் அத்தகைய முட்டைக்குள் அதன் குடும்பத்தைச் சார்ந்த கருவும், கூட்டின்மேல் முன்கைகளைப் பரப்பி அமர்ந்தவாறே புதையுண்ட உடலும் கிடைத்த பின்னரே, அவை தம் முட்டைகளைக் காத்த பிராணிகள் என்பது நிலைநாட்டப்பட்டது. முட்டையிடும் பருவத்தில் பெண் பறவையின் எலும்புக்குள் ஓட்டுக்கு வேண்டிய சுண்ணாம்பைச் சேமிக்கும் தனித் திசு ஒன்று உண்டாகும்; டைரனோசாரஸின் தொடையெலும்பில் 2005இல் கண்ட திசு அதுவே என்று நிறுவுவதற்கு, நெருப்புக்கோழி, ஈமு ஆகியவற்றின் எலும்புகளே ஒப்புநோக்க உதவின.

மீண்டும் ஈட்டிய ஒப்புமைகள்

மேற்கூறியவை பெரும்பாலும், பெரும்பறவைகளுக்கு மட்டுமன்றிப் பிற பறவைகளுக்கும் பொதுவானவை. பம்பாய்த் தாதரில் புறாக்களுக்குத் தானியமிடும் இடமாக இருந்த கபூதர்கானாவில் தலைமுறை தலைமுறையாகத் தானியம் பொறுக்கிய மாடப்புறாவும், ஆப்பிரிக்கப் புல்வெளியில் ஓடும் நெருப்புக்கோழியும் டைனோசர் வம்சத்தில் சம உரிமை உடையவை. ஒன்று மற்றொன்றைவிட மிகுதியாக டைனோசர் அன்று. ஆயினும் பெரும்பறவையைக் கண்டதும் டைனோசர் நினைவு வருவதற்குக் காரணம், அதன் உருவமும் வாழ்க்கையும் பிற்காலத்தில் அத்திசை நோக்கித் திரும்பியமையே.

நெருப்புக்கோழி முதலியவற்றின் முன்னோர் பறந்து திரிந்த பறவைகள் என்பதற்கு அவற்றின் உடலே சாட்சி. பறக்கும் பறவைகளைப் போலவே இறக்கை எலும்புகள் ஒன்றுபட்டு இருக்கின்றன; இறக்கையின் நுனியில் நகங்கூட எஞ்சியிருக்கிறது. பறவைக்குப் பறத்தல் தசைகள் பொருந்துவதற்காக மார்பெலும்பின் நடுவில் எழும் முகடு மட்டும், அத்தசைகள் குன்றியதும் வேண்டாததாகி, மார்பெலும்பு தட்டையாகிவிட்டது. கொக்கிகளால் பிணைந்து காற்றைத் தள்ளும் இறகும் தளர்ந்து, வெறும் போர்வை ஆயிற்று. 2014இல் வெளிவந்த பழங்கால மரபணு ஆராய்ச்சி, மடகாஸ்கரின் யானைப்பறவைக்கு மிக நெருங்கிய உறவினர் நியூசிலாந்தின் சின்னஞ்சிறு கிவிப் பறவை என்றும், மோவாவுக்கு நெருங்கியவை தென்னமெரிக்காவில் இன்றும் பறக்கும் டினமு என்னும் பறவைகள் என்றும் காட்டிற்று. ஒரே பறக்காத மூதாதையிடமிருந்து யாவும் வந்தன என்று கொண்டால் இவ்வுறவுகளுக்கு விளக்கம் இல்லை. பறத்தலைக் கைவிடுதல் வெவ்வேறு நிலங்களில் வெவ்வேறு காலங்களில் பலமுறை நிகழ்ந்ததென்றே கொள்ளவேண்டும். சுமார் 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் பெரும் டைனோசர்கள் மறைந்ததனால் தரையில் பேருடல் பிராணிகளின் ஸ்தானம் வெறுமையாயிற்று. பாலூட்டிகள் அதனை முழுவதும் நிரப்புமுன், பறவைகள் சில அதனைக் கைப்பற்றின என்பது பெரும்பாலோர் கொள்ளும் விளக்கம்.

இவ்வாறு மீண்டும் ஈட்டிய ஒப்புமைக்குச் சிறந்த எடுத்துக்காட்டு, நெருப்புக்கோழியின் சாயலை வைத்தே பெயர் பெற்ற ஸ்ட்ருதியோமைமஸ் என்னும் டைனோசர். பல்லில்லாத அலகு, சிறிய தலை, நீண்ட கழுத்து, தொடையை விட நீண்ட கீழ்க்கால் ஆகிய யாவும் இரண்டிலும் உண்டு. எனினும் நெருப்புக்கோழியின் நேர் முன்னோருள் அது ஒன்றன்று. திறந்த வெளியில் விரைந்தோடித் தப்பிப் பிழைக்கும் வாழ்க்கை, உறவில் விலகிய இரு பிராணிகளை ஒரே வார்ப்பில் ஆக்கிற்று. ஆயினும் ஸ்ட்ருதியோமைமஸுக்கு நகமுள்ள மூன்று விரல்கள் கொண்ட நீண்ட கைகளும், உடலின் பாரத்தைச் சமன் செய்யும் நெடிய வாலும் இருந்தன. வாலில் இணைந்த தசையே டைனோசரின் தொடையைப் பின்னுக்கிழுத்து நடத்திற்று. வால் குறுகிய பறவையோ தொடையைக் கிடையாக வைத்து, முழங்காலை மடக்கி நீட்டி நடக்கிறது. ஆதலால் ஈமுவின் நடையைக் கண்டு டைரனோசாரஸின் நடையை அப்படியே அனுமானித்தல் பொருந்தாது.

ஆராய்ச்சி வரலாறு

இவ்வாராய்ச்சியின் தொடக்க காலத்தில் பம்பாய்க்கும் ஒரு சிறு தொடர்பு உண்டு. தாதருக்கு மேற்கே வர்ளியில், எரிமலைக் குழம்பு உறைந்த பாறையடுக்குகளின் இடையே நன்னீர்ப் படிவு ஒன்று உள்ளது. அதிலிருந்து கிடைத்த சிறு தவளைகளின் புதைபடிவங்களை, ஜி. டி. கிளார்க் என்னும் பொறியியலாளர் பம்பாய்ச் சுற்றுப்புறத்தின் நிலவியல் குறித்து எழுதிய அறிக்கையோடு இணைத்து, 1847இல் விவரித்தவர் ஆங்கிலேய உடற்கூற்று அறிஞர் ரிச்சர்ட் ஓவன். அத்தவளை இன்று இந்தோபட்ராக்கஸ் எனப்படுகிறது. டைனோசர்களைத் தனிப் பிரிவாக 1842இல் பெயரிட்டவரும் அவரே. நியூசிலாந்திலிருந்து வந்த ஓர் எலும்புத் துண்டைக் கண்டு, அங்கே நெருப்புக்கோழியை ஒத்த பெரும்பறவை வாழ்ந்திருக்க வேண்டுமென 1839இல் அறிவித்து, 1843இல் டைனோர்னிஸ் என்னும் பெயரை வழங்கியவரும் அவரே. பல்லும் நீண்ட வாலும் இறகும் ஒருங்கே பெற்ற ஆர்க்கியோப்டெரிக்ஸின் லண்டன் படிவத்தை 1863இல் விவரித்தவரும் அவரே. டைனோசர், பெரும்பறவை, ஆர்க்கியோப்டெரிக்ஸ் ஆகிய மூன்று சான்றுகளும் ஒருவர் கைவழியே சென்றும், அவற்றை ஒரே வம்சமாகக் கோக்கும் கருத்தை அவர் கொள்ளவில்லை. அதனை வலியுறுத்தியவர் டார்வினின் ஆதரவாளரான தாமஸ் ஹக்ஸ்லி. 1860களின் இறுதியில், பறவைகளின் இடுப்பையும் பின்காலையும் டைனோசர்களுடையவற்றோடு ஒப்பிட்டு, இரண்டின் உறவை அவர் எடுத்துரைத்தார். பின்னர் நெடுங்காலம் மங்கிக்கிடந்த அக்கொள்கைக்கு, 1969இல் ஜான் ஆஸ்ட்ரம் டைனோனிகஸ் என்னும் விரைந்தோடும் டைனோசரை விவரித்து மறுபடி உயிரூட்டினார். டைனோனிகஸின் அரிவாள் நகமும் காசோவரியின் குத்துவாள் நகமும் பாதத்தின் இரண்டாம் விரல் என்று எண்ணப்படும் அதே விரலில் அமைந்தவை.

இந்திய நாட்டுச் சான்றுகள்

இந்தியாவில் முதல் டைனோசர் எலும்புகள் 1828இல் ஜபல்பூரில் கிடைத்தன. குஜராத்தின் ரஹியோலியில் 1980களில் எடுக்கப்பட்ட எலும்புகளைக் கொண்டு, இருகால் ஊனுண்ணியான ராஜாசாரஸ் 2003இல் பெயரிடப்பட்டது. முன்னர்க் கூறிய மஜுங்காசாரஸ் அதன் சுற்றத்ததே. மத்தியப் பிரதேசத்தின் தார் மாவட்டத்தில் பாக் பகுதியில் கிடைத்த, தெரோபாட் அல்லாத டைட்டனோசார் என்னும் டைனோசர்களின் முட்டைகளுள் ஒன்று, முட்டைக்குள் முட்டை அமைந்த குறைப்பிறப்பாக இருந்ததை 2022இல் வெளியிட்டனர். அதுவரை பறவைகளிடம் மட்டுமே அறியப்பட்ட இக்குறை, பறவையின் சூல்வழிக்கு நிகரான அமைப்பு தெரோபாட் அல்லாத டைனோசர்களுக்கும் இருந்திருக்கலாம் எனக் காட்டுகிறது. தமிழ்நாட்டில் அரியலூர் வட்டாரத்துக் கல்லமேட்டில், பறவைகளுக்கு மிக நெருங்கிய ட்ரூடோன்டிட் குடும்பத்தைச் சார்ந்ததாகக் கருதப்பட்ட ஒரு பல் 2013இல் விவரிக்கப்பட்டது. அவ்வூரிலேயே கிடைத்து 1987இல் புருகத்காயோசாரஸ் எனப் பெயர் பெற்ற பேருடல் டைனோசரின் எலும்புகளோ, காத்து வைக்கப்படாமல் சிதைந்து போயின.

பெரும்பறவையும் நம் நாட்டுக்கு அந்நியமன்று. சிவாலிக் மலைப் படிவுகளில் கண்ட எலும்புகளால் ஆசிய நெருப்புக்கோழி 1871இல் அறியப்பட்டது. மகாராஷ்டிரத்தின் ஜல்காவ் மாவட்டத்துப் பாட்ணேயில் எஸ். ஏ. சாலி நடத்திய அகழ்வில், சுமார் 25,000 ஆண்டுகளுக்கு முற்பட்டதாகக் கணிக்கப்படும் நெருப்புக்கோழி முட்டையோட்டுத் துண்டு ஒன்று, கோடுகளால் கீறி அலங்கரிக்கப்பட்டுக் கிடைத்தது. ஓட்டைத் துளையிட்டுச் செய்த மணிகள் பீம்பேட்காவிலும் கிடைத்தன. நம் முன்னோர் அப்பறவையை அறிந்து, அதன் ஓட்டில் கைத்திறன் காட்டினர் என்பதற்கு இவையே நிரூபணம். ஐதராபாத்தின் உயிரணு மற்றும் மூலக்கூற்று உயிரியல் மையத்தினர் 2017இல் வெளியிட்ட மரபணு ஆராய்ச்சி, இந்தியாவில் கிடைத்த இத்தகைய ஓடுகள் நெருப்புக்கோழியினுடையவையே என்பதை உறுதி செய்தது.

மனிதனும் பெரும்பறவையும்

மோவா, மனிதன் நியூசிலாந்தில் கால்வைத்த ஓரிரு நூற்றாண்டுகளுக்குள் வேட்டையால் மறைந்தது. அரபிக் கடலுக்கு அப்பால் அரேபியாவில் வாழ்ந்த நெருப்புக்கோழியும் துப்பாக்கியும் மோட்டார் வண்டியும் வந்த பின் இருபதாம் நூற்றாண்டின் நடுவில் அற்றுப்போயிற்று. கொங்கு நாட்டில் பெருந்துறையை மையமாகக் கொண்டு பரவிய ஈமுப் பண்ணைத் தொழில் 2012இல் குலைந்தபோது, முதலிட்ட குடும்பங்கள் பணம் இழந்ததோடு, பறவைகளும் தீனியின்றி வாட, அரசே அவற்றுக்குத் தீனியளிக்க நேர்ந்தது. சுமார் 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன்னைய ஊழியைத் தாண்டி வந்த குலத்தின் பேருடல் கிளைகள் பல, மனிதனுடைய சில நூறாண்டுகளைத் தாண்ட முடியாமற் போனமை வருந்தத்தக்கது. உயிரோடுள்ளவற்றின் வாழிடங்களைக் காத்தலும், மறைந்தவற்றின் எலும்பையும் ஓட்டையும் சிதையாமல் காட்சிசாலைகளில் பேணுதலும் ஒரே கடமையின் இரு பகுதிகளாம். கல்லமேட்டு எலும்புகளுக்கு நேர்ந்த கதி இனி எதற்கும் நேராதிருக்க, புதைபடிவ நிலங்களுக்குச் சட்டத்தின் பாதுகாப்பும் ஊராரின் அக்கறையும் ஒருங்கே வேண்டும்.